முன்கூட்டியே ஓர் அஞ்சலி

பேசி முடித்ததும் அவள் கேமராவைப் பார்த்துச் சிரித்துவிட்டாள்.

பழக்கதோஷம்.

லண்டன் தமிழ்த் தொலைக்காட்சி ஒன்றின் மத்தியான நிகழ்ச்சியில், ஒன்பது வருடங்கள், கடைசி ஏழு நிமிடம் சமைத்துக் காட்டியவள். முடிக்கும்போது தலையைச் சாய்த்துச் சிரிக்க வேண்டும். உடம்பு அதை இன்னும் மறக்கவில்லை.

"பரவாயில்லை, இன்னொரு தடவை எடுப்போம்," என்றாள் தயாரிப்பாளர். மரியாதை தெரிந்த பெண். அஞ்சலி செலுத்துகிறவர் பல்லைக் காட்டக்கூடாது என்று வாய்விட்டுச் சொல்லவில்லை.

இந்த அஞ்சலி, கருணைராஜாவுக்கு. அவளுக்கு ராஜா அண்ணை. அந்த நிகழ்ச்சியை நடத்தியவர்.

இன்னும் உயிரோடு இருப்பவர்.

தொலைக்காட்சிக்காரர்கள் இதில் கெட்டிக்காரர்கள். தெரிந்த முகம் ஒன்று படுக்கையில் விழுந்துவிட்டால் போதும். உயிர் போவதற்கு முன்பே நாலு பேரைக் கூப்பிட்டு, பேச வைத்து, அழ வைத்து, பத்திரப்படுத்தி விடுவார்கள்.

அது தெரியாமல் வந்திருந்தாள். பதினொரு வருடங்களுக்குப் பிறகு ஸ்டுடியோவிலிருந்து அழைப்பு. புது நிகழ்ச்சிதான் என்று தானாகவே முடிவு கட்டிக்கொண்டு, நாற்பது சமையல் குறிப்புகளைத் தட்டச்சு செய்து எடுத்து வந்தாள். விஷயத்தைச் சொன்னபோது மேக்கப் முடிந்திருந்தது.

மாட்டேன் என்று எழுந்து போயிருக்கலாம்.

போகவில்லை. அந்த விளக்குகளுக்குக் கீழே இன்னும் ஒரே ஒரு தடவை உட்கார வேண்டும். அத்தனை ஆசை, பாவம்.

இரண்டாம் தடவை, தன் கையைச் சுட்டுக்கொண்ட நாளைச் சொன்னாள். நேரடி ஒளிபரப்பு. ராஜா அண்ணை சட்டென்று கரண்டியைப் பிடுங்கி, முன்பின் தெரியாத கறியைக் கிண்டிக்கொண்டே பகிடி விட்டார். பார்த்தவர்கள் எல்லாரும் சிரித்தார்கள். திரைக்கு வெளியே அவள் குழாய்த் தண்ணீரில் கையைப் பிடித்தபடி நின்றதை ஒருவரும் அறியவில்லை.

"அப்படி ஒரு மனிதர்," என்னும்போது குரல் உடைந்தது.

நிஜ அழுகைதான். ஆனால் நன்றாக வருகிறது என்பதும் அழும்போதே தெரிந்தது. சந்தோஷப்பட்டாள். உடனே தன்மேலேயே வெறுப்பு வந்தது.

வெளியே தாழ்வாரத்துக்கு வந்ததும் கைபேசி அடித்தது.

ராஜா அண்ணை. ஆஸ்பத்திரியிலிருந்து.

"கதைச்சு முடிஞ்சுதோ பிள்ளை?"

அவள் ஸ்டுடியோக் கதவைத் திரும்பிப் பார்த்தாள்.

"ஆரைக் கூப்பிடலாம் எண்டு அவை என்னட்டைத்தான் கேட்டவை. உன்ரை பேரைச் சொன்னனான். உன்னை டிவியிலை பாத்து எவ்வளவு காலம்." மூச்சு வாங்கினார். "அழுதனியோ?"

"ஓம் அண்ணை."

"அப்ப நல்லா வந்திருக்கும். பயப்பிடாதை, உன்னைக் கனநாள் காக்க வைக்க மாட்டன். இந்த மாசத்துக்குள்ளை உதை டிவியிலை போட்டிடுவாங்கள்."

அவர் சிரித்தார். அது இருமலாக மாறி, நிற்க வெகுநேரம் ஆனது.

அவள் சுவரைப் பிடித்துக்கொண்டு காத்திருந்தாள்.

"அவசரமில்லை அண்ணை," என்றாள். "ஆறுதலாப் போடட்டும்."