மீட்புக் கோப்பு

ஆலைக்குள் நுழையும்போதே ஒவ்வொருவரின் மனமும் தலைப்பட்டை வழியாக ஒரு மீட்புக் கோப்பில் பதிவாகிவிடும். வேலையின் நடுவே யாராவது பதறிப்போனால், பழுதான கணினியை மீட்பதுபோல மேற்பார்வையாளர் அந்தக் கோப்பை ஓட்டுவார். காலையில் வந்தபடியே ஆகிவிடுவார்கள். நடுவில் நடந்தது நினைவிருக்காது.

அன்று மரகதத்தின் கை இயந்திரத்தில் சிக்கியது. பக்கத்தில் நின்ற ஜெசிந்தா நிறுத்தும் பொத்தானை அடித்து அடித்துப் பார்த்தாள். இயந்திரம் நிற்கவில்லை.

மரகதத்தை ஆம்புலன்ஸில் ஏற்றிய பிறகு மேற்பார்வையாளர் கதிரேசன் ஜெசிந்தாவிடம் வந்தார்.

"எப்படி நடுங்குற பாரு. உக்காரும்மா, கோப்பை ஓட்டிடலாம். சரியாயிடும்."

"நான் ஒண்ணும் கெட்டுப்போகல சார். அந்தப் பொத்தான்தான் கெட்டுப்போயிருக்கு."

"மறந்துட்டா உனக்குத்தாம்மா நல்லது."

"இதுக்கு முன்னாடியும் யார் கையாவது போச்சா சார்? நான் பார்த்துக்கிட்டு நின்னேனா?"

அவர் அவசரமாக அவள் தலைப்பட்டையை நோக்கிக் கையை நீட்டினார். ஜெசிந்தா அதைக் கழற்றிக் கீழே போட்டு மிதித்தாள்.

"வேலை போயிடும், ஜெசிந்தா."

"போகட்டும்."

நடுக்கம் நிற்கவில்லை. அந்த நடுக்கத்தோடேயே ஆஸ்பத்திரிக்குப் போய் மரகதத்தின் கணவன் முன்னால் நின்றாள்.

"அண்ணே, அவ அசந்து கையை விட்டுட்டான்னு சொல்லுவாங்க. நம்பாதீங்க. நான் பார்த்தேன். எங்க கூப்பிட்டாலும் வந்து சொல்றேன்."