ஒன்பது மணி நேரப் பதிவு

அழிப்பதற்காகத்தான் அதைத் திறந்தான்.

ஒன்பது மணி நேரம், பத்து நிமிடம். காலையில் கடைக்குக் கிளம்பிய அவசரத்தில், கம்ப்யூட்டரில் ஓடிய பதிவை நிறுத்த மறந்துபோயிருக்கிறான். அதுவும் விளையாட்டு ஓடுகிற இடது திரையை மட்டும் எடுக்கச் சொன்னால், இரண்டு திரையையும் சேர்த்து ரயில்பெட்டி மாதிரி நீளமாக எடுத்து வைத்திருக்கிறது.

இந்த வாரம் அவனுக்கு எதுவுமே உருப்படியாக நடக்கவில்லை.

ஐந்து நாளாக அவள் பேசவில்லை.

பேசவில்லை என்றால், அவனிடம் பேசவில்லை. காற்றோடு பேசினாள். "சாப்பிடறவங்க சாப்பிடலாம்." "ஈரத் துண்டைக் கட்டில்ல போடறவங்க எடுத்துக் காயப்போடலாம்." நேற்று மிக்சியைப் பார்த்துச் சொன்னாள்: "வெள்ளிக்கிழமை காலைல அம்மா வீட்டுக்குப் போறவங்க போயிருவாங்க."

எப்போதும் பீரோ மேல் கிடக்கும் சிவப்புப் பை இப்போது மேசைக்குப் பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்திருந்தது. வயிறு முட்ட நிறைந்திருந்தது.

இன்று வியாழன்.

தப்பு அவனுடையதுதான். போன சனிக்கிழமை அவன் பின்னால் வந்து நின்று, "இது என்னங்க விளையாட்டு?" என்று கேட்டாள். கல்யாணமாகி ஏழு மாதத்தில் அன்றுதான் முதல்முறையாகக் கேட்டாள்.

அவன் திரும்பிக்கூடப் பார்க்காமல், "உனக்குப் புரியாது" என்றான்.

சொன்னதுமே தெரிந்துவிட்டது. அதை எப்படித் திரும்ப எடுப்பது என்றுதான் இன்றுவரை தெரியவில்லை.

அழிக்கப் போனவன், எதற்கும் இருக்கட்டும் என்று பதிவை ஓட்டிப் பார்த்தான்.

இடது திரையில் அவனுடைய பண்ணை. ஒரு குட்டி வீடு, முழங்கால் உயர மரவேலி, வேலிக்குள் ஒரு மாடு. வேலிக்கு வெளியே நீலச் சட்டை போட்ட பொம்மை. அதுதான் அவன். காலையில் விட்ட இடத்திலேயே நின்றுகொண்டிருந்தது. பண்ணையில் மழை பெய்தது. இருட்டியது. விடிந்தது. மறுபடி இருட்டியது.

வலது திரையின் மூலையில் மணி பதினொன்று பத்து ஆனபோது, நீலச் சட்டை ஓர் அடி நடந்தது.

நின்றது.

நேராகப் போய்ச் சுவரில் முட்டிக்கொண்டது.

அவன் ஒலியைக் கூட்டினான். மைக்கும் ஓடியிருக்கிறது. குக்கர் விசில். வளையல் சத்தம். அப்புறம் அவள் குரல்.

"ஐயோ, பாத்துப் போங்க."

பொம்மைக்கும் மரியாதைதான்.

நின்றபடியே பார்த்துக்கொண்டிருந்தவன் உட்கார்ந்தான்.

பொம்மையின் பசிக்கோடு சிவந்து கிடந்தது. "காலைல சாப்பிடாமப் போனா இப்படித்தான்" என்றாள். இன்று காலை அவனும் சாப்பிடாமல்தான் போயிருந்தான். மூட்டைக்குள் இருந்த ரொட்டியைத் தேடி எடுத்து, அதை எப்படித் தின்ன வைப்பது என்று கண்டுபிடிக்க அவளுக்கு இருபது நிமிடம் ஆனது. கோடு பச்சையானதும் வளையல் ஒருமுறை குலுங்கியது.

பிறகு அம்புக்குறி மெதுவாக ஊர்ந்து மாட்டின் மேல் போய் நின்றது.

அவன் திரைக்குப் பக்கத்தில் குனிந்தான்.

மாட்டின் தலைக்கு மேல் பெயர் எழுந்தது.

கோகிலவாணி.

வளையல் சத்தமே இல்லை. அம்புக்குறி அங்கேயே நின்றது. தாலி கட்டிய வாரம் ஆசையாக வைத்த பெயர். சொல்லத் தைரியம் வரவில்லை.

வலது திரையில் ஒவ்வொரு எழுத்தாக விழுந்தது. 'மாட்டுக்கு மனைவி பெயர் வைக்கலாமா.'

அவன் தலையில் அடித்துக்கொண்டான்.

தேடியதற்கு என்ன பதில் வந்ததோ, அவள் அதைப் படித்ததாகத் தெரியவில்லை. நீலச் சட்டை குனிந்து ஒரு கைப்பிடிப் புல் பறித்தது. வேலியிடம் போனது. முட்டியது. பின்வாங்கியது. மறுபடி முட்டியது.

'வேலி தாண்டுவது எப்படி' என்று வலது திரையில் கேட்டாள். கம்பிவேலி போட்டுத் தருகிறவர்களின் போன் நம்பர்கள் வந்தன.

'கம்ப்யூட்டர் விளையாட்டில் குதிக்க எந்த பட்டன்.' இதற்கு எல்லாம் இங்கிலீஷில் வந்தது.

நாற்பது நிமிடம் முட்டினாள்.

"தாண்டுங்களேன். இத்தனூண்டு வேலி. அது பாவம், உங்களையே பாத்துட்டு நிக்குது."

அவனுக்கு எழுந்துபோய் அவளைக் கட்டிக்கொள்ளலாம் போல இருந்தது. ஆனால் ஐந்து நாள் பேசாமல் இருந்துவிட்டு எந்த வார்த்தையிலிருந்து ஆரம்பிப்பது?

மீதியை ஓட்டிப் பார்த்தான். தேடியதை எல்லாம் மூடிவிட்டு, புல்லைக் கீழே போட்டுவிட்டு, பொம்மையைப் பழைய இடத்திலேயே கொண்டுபோய் நிறுத்திவிட்டுத்தான் எழுந்திருக்கிறாள்.

அடுப்படி வாசலில் போய் நின்றான்.

"காபி குடிக்கிறவங்க எடுத்துக்கலாம்" என்றாள், பால் சட்டியிடம்.

டம்ளரை எடுத்துக்கொண்டான். ஒரு வாய் குடித்தான். பிறகு ஃபிரிட்ஜைப் பார்த்துச் சொன்னான்.

"குதிக்கிறவங்க ஸ்பேஸ் பாரை அழுத்தணும்."

கரண்டி நின்றது.

அவள் திரும்பினாள். ஐந்து நாளைக்கு அப்புறம், நேராக அவன் முகத்தைப் பார்த்தாள்.

"மாட்டுக்கு எதுக்கு எம் பேரு வெச்சீங்க?"

"நான் பொழுதன்னிக்கும் அங்கதான கெடக்கேன். நீயும் கூட இருந்தா நல்லாருக்குமேன்னு…"

"ஆளா வெச்சிருக்கலாமில்ல?"

அடுப்பை அணைத்தாள். முந்தானையில் கையைத் துடைத்துக்கொண்டே போய் அவன் நாற்காலியில் உட்கார்ந்தாள். பண்ணையைத் திறந்து கொடுத்தான். ஸ்பேஸ் பாரை அழுத்தினாள். நீலச் சட்டை துள்ளி எழுந்து, இருந்த இடத்திலேயே தொப்பென்று இறங்கியது. அவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது.

"முன்னாடி போற பட்டனையும் சேத்து அழுத்தணும்."

இன்னொரு நாற்காலியில் சிவப்புப் பை இருந்தது. உட்காருவதற்காக அதைத் தூக்கினான். தூக்கிய பிறகு என்ன செய்வதென்று தெரியாமல் கையில் வைத்துக்கொண்டு நின்றான்.

"பீரோ மேல வைங்க" என்றாள், திரையிலிருந்து கண்ணை எடுக்காமல்.