காலிப் பெட்டியின் எடை

“காலிப் பெட்டி எப்படித் தம்பி எடை காட்டும்?”

சுருளிப்பட்டி திராட்சை வியாபாரி சுயம்புலிங்கம், மகளின் பென் டிரைவை மேசைமேல் வைத்துவிட்டுக் கேட்டார். கம்பம் ஊரில் கம்ப்யூட்டர் பழுது பார்க்கும் கடை வைத்திருக்கும் ஸ்டான்லி அதை எடுத்துத் தன் கம்ப்யூட்டரில் செருகினான்.

“தொறந்தா சுத்தக் காலி. ஆனா ரெண்டு எம்பி அடைச்சுக் கெடக்குதாம். மறைச்சு வச்சிருக்குன்னு மண்டிக் கிளார்க் சொல்றாரு. எம்மக சுபாஸ்ரீ மூணு நாளாச் சோறு திங்கல. போடியில பாத்து வச்ச மாப்பிள்ள வேண்டாங்குறா. ஏன்னு கேட்டா அழுக. இதை மட்டும் கையில பொத்திக்கிட்டே திரியுறா. உள்ள எவனோ இருக்கான் தம்பி. எனக்கு அவன் பேரும் ஊரும் வேணும்.”

மீசையைத் தடவினார். பேரும் ஊரும் தெரிந்தபின் என்ன நடக்கும் என்பதைக் கம்பம் பள்ளத்தாக்கில் யாருக்கும் விளக்க வேண்டியதில்லை.

மறைந்த கோப்புகளைக் காட்டச் சொல்லி ஸ்டான்லி கட்டளை கொடுத்தான். திரையில் நாலு ஐகான்கள் ரத்தசோகை வந்த மாதிரி வெளிறி நின்றன.

“இவன் யாரு?”

“ஆட்டோரன், அய்யா. வைரஸ். காலேஜ் லேப்ல ஒட்டிக்கிட்டது.”

“இவன்?”

“தம்ப்ஸ் டிபி. போட்டோவப் பார்த்தா விண்டோஸ் தானா எடுத்து வச்சுக்கிற குட்டி நகல்.”

“யாரு போட்டோ?”

“ரோஜாப்பூ. ஒரு கைக்குழந்த. எல்லாப் பொம்பளப் புள்ளைகளும் வச்சிருக்கிறதுதேன்.”

“அங்கன ரீசைக்ளர்னு ஒருத்தன்?”

“அதுவும் வைரஸ்தேன். குப்பத்தொட்டி வேஷம்.”

நாலாவது ஒரு ஃபோல்டர். ‘சிஸ்டம் 32’ என்று விண்டோஸின் சொந்த ஃபோல்டர் பெயர். பென் டிரைவில் அதற்கு ஒரு வேலையும் கிடையாது. உள்ளே பதினொரு வேர்டு கோப்புகள். என்ன எழுதியிருக்கும் என்பது திறக்காமலே ஸ்டான்லிக்குத் தெரிந்தது.

“அதைத் தொறங்க.”

“தொட்டா என் மிஷினே படுத்துரும்யா. இருக்கிறதுலயே மோசமான வைரஸ்.”

“உள்ள பேரு எதுவும்...”

“வைரசுக்கு ஏதுய்யா பேரு?”

ஷிஃப்டையும் டெலீட்டையும் சேர்த்து அமுக்கினான். மனசு கேட்காமல் முழுசாக ஃபார்மேட்டும் போட்டான். ஒரு பெண்ணைக் காப்பாற்றிவிட்ட மூச்சு அவனிடமிருந்து மெதுவாக வெளியேறியது.

“அப்ப உள்ள எவனும் இல்ல?”

“சத்தியமா இல்லய்யா. எல்லாம் மிஷின் பண்ணுன வேல.”

சுயம்புலிங்கம் அங்கேயே செல்போனை எடுத்து மாப்பிள்ளையின் அப்பாவை அழைத்தார். “பலவேசம் மாமாவா? விசாரிச்சுட்டேன். ஒருத்தனும் இல்ல, வெறும் பிடிவாதம். ரெண்டு நாள்ல ஓஞ்சிரும். வெள்ளிக்கிழமையே தட்டு மாத்திக்கிருவோம். இது என் வாக்கு.”

போனைப் பைக்குள் போட்டார். அதுவரை விறைத்திருந்த முகம் தளர்ந்து, கண் கலங்கியது.

“புள்ள பட்டினி கெடக்கிறதப் பாக்க முடியல தம்பி. அப்படி ஒருத்தன் இருந்தா, எந்தச் சாமியக் கும்பிடுறவனா இருந்தாலும் சரி, நானே வீடு தேடிப் போயி இவளக் கட்டிக்கிடச் சொல்லிக் கையப் பிடிச்சிரணும்னுதேன் பேரும் ஊரும் கேட்டேன்.”

ஸ்டான்லி வாயைத் திறந்தான். சுபாஸ்ரீக்கு அந்தப் பதினொரு கடிதங்களையும் எழுதியவன் தான்தான் என்பதற்கு எழுத்தில் இருந்த ஒரே சாட்சியை, வைரஸ் என்று சொல்லி அவனே அழித்து, உள்ளே எவனும் இல்லை என்று சத்தியமும் செய்திருந்தான்.