பதினேழாம் எண்ணின் நுரையீரல்

இரண்டு வரிகளும் ஒன்றாக இருந்தன.

அவள் மறுபடி ஓட்டிப் பார்த்தாள். அறுபத்து நான்கு எழுத்துகள். முதல் எழுத்திலிருந்து கடைசி எழுத்து வரை ஒன்றே.

அப்படி வரக் கூடாது.

ஆஸ்பத்திரியில் நடக்கும் மருந்து ஆய்வில் சேர்ந்தவர்களின் ஸ்கேன் படங்கள் அவளிடம் சரிபார்ப்புக்குப் பெயரில்லாமல்தான் வரும். ஒன்பது, பதினேழு என்று எண்கள் மட்டும். ஒவ்வொரு கோப்புக்கும் கணினி ஒரு செக்சம் போடும். கைரேகை மாதிரி. படத்தில் ஒரு புள்ளி மாறினாலும் ரேகை முழுக்க மாறிவிடும். இரண்டு பேருக்கு ஒரே ரேகை வராது.

ஒன்பதுக்கும் பதினேழுக்கும் வந்திருந்தது.

முதலில் மென்பொருளைச் சந்தேகித்தாள். பிறகு தன்னையே.

இரண்டு படங்களையும் அருகருகே திறந்தாள். ஒரே நுரையீரல். கட்டி எதுவும் இல்லை. இடப்பக்க விலா எலும்பில், என்றோ முறிந்து கூடிய இடத்தில் ஒரு சின்ன மேடு.

இரண்டிலும்.

பதினேழின் பழைய படத்தை எடுத்தாள். அதில் விலா நேராக இருந்தது. நுரையீரலில் கொட்டைப்பாக்கு அளவில் ஒரு வெள்ளைக் கட்டி.

அடுத்த மேசையில் ஜெபராஜ். படங்களை ஏற்றுவது அவர்தான். அவளை இந்த வேலையில் சேர்த்துவிட்டதும் அவர்தான்.

"அண்ணே, பதினேழுக்கு ஒன்பதோட படம் ஏறியிருக்கு."

அவர் திரையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

"கை மாறிப் போட்டிருப்பேன்மா. சரியானதை அனுப்புறேன். சாயங்காலத்துக்குள்ள மருந்துக் கம்பெனிக்குப் போயிறணும்."

இருக்கும். யாருக்குத்தான் கை தவறாது. சந்தேகப்பட்டதற்கு அவளுக்கே கொஞ்சம் கூச்சமாக இருந்தது.

கொஞ்ச நேரத்தில் புதுக் கோப்பு வந்தது. ஓட்டினாள். வேறு ரேகை. கணினி பச்சை காட்டியது. 'சரிபார்க்கப்பட்டது' என்ற பொத்தான் மட்டும்தான் பாக்கி.

அவள் மேசையில் ஒரு டீ வந்து உட்கார்ந்தது.

"சூடா குடிம்மா."

ஜெபராஜ் இதுவரை அவளுக்கு டீ வாங்கி வந்ததே இல்லை.

அவள் டீயைத் தொடவில்லை. படத்தைத் திறந்தாள்.

சுத்தமான நுரையீரல். இடப்பக்க விலாவில் அதே மேடு.

கீழ் ஓரத்தில் ஒரு மயிரிழை அகலத்துக்குப் படம் வெட்டப்பட்டிருந்தது.

ரேகை மாற அது போதும்.

கை தவறினால் படம் மாறும். ஓரம் வெட்டுப்படாது.

அவராகவே செய்கிறாரா, அவருக்கு மேலே இருப்பவர்கள் சொல்லிச் செய்கிறாரா. ஆய்வை நடத்தும் டாக்டரிடம் போகலாம். ஆனால் முடிவில் எல்லாப் படங்களுக்கும் கையெழுத்துப் போடுபவர் அந்த டாக்டர்தான்.

அவசரத்துக்கு மட்டும் திறக்க வேண்டிய கோப்பு ஒன்று உண்டு. எண்ணுக்குரிய ஆளும் ஊரும் அதில் இருக்கும். யார் திறந்தது என்பது பதிவாகிவிடும்.

திறந்தாள்.

அழகுமலை. உசிலம்பட்டிப் பக்கம். கைபேசி எண்.

இரண்டாவது மணியிலேயே எடுத்தார். பின்னால் டிராக்டர் சத்தம்.

"ஆஸ்பத்திரியில இருந்து பேசுறேங்க. உடம்பு எப்படி இருக்கு?"

"சொல்லுங்கம்மா. நல்லாருக்கேன். கட்டி கரைஞ்சிருச்சு, மாத்திரைய நிப்பாட்டிக்கங்கன்னு உங்க ஆளுகதானே போன் பண்ணாக. மறுநாளே வேலைக்கு வந்துட்டேன்." பேச்சு இருமலில் அறுந்தது. நெடுநேரம் இருமினார். "இந்தச் சனியன் மட்டும் விட மாட்டேங்குது."

"கடைசியா ஸ்கேன் எப்ப எடுத்தீங்க?"



"எங்கம்மா எடுத்தாக? ரெண்டு வாட்டி வந்தேன். மிஷின் ரிப்பேருன்னு அனுப்பி வச்சாக. அப்புறம் படம் நல்லா வந்திருக்குன்னு போன் வந்துச்சு. எந்தப் படம்னு நானும் கேக்கல. நல்ல சேதியில போய் என்னத்தக் கேக்க?"

அவள் திரையில் இருந்த விலா மேட்டைப் பார்த்தாள்.

"ஏம்மா, ஏதும் கோளாறா?"

பக்கத்து மேசையில் தட்டச்சு ஓசை நின்றிருந்தது. எப்போது நின்றது என்று தெரியவில்லை. நாற்காலி திரும்பும் கிறீச் சத்தம் கேட்டது.

"வச்சிரும்மா," என்றார் ஜெபராஜ், மெதுவாக.

அவள் திரும்பிப் பார்க்கவில்லை. குரலையும் தாழ்த்தவில்லை.

"அழகுமலை அண்ணே, அந்தப் படம் உங்களோடது இல்ல. இன்னைக்கே கிளம்பி வாங்க. இங்க வேணாம். கவர்மெண்டு பெரியாஸ்பத்திரி வாசலுக்கு வாங்க. நான் அங்க நிக்கிறேன்."