பனி விலகட்டும்

“இன்னும் கொஞ்ச நேரம் பொறுங்க சார். பனி விலகிடும், ஏரி தெரிஞ்சிடும்.”

“வந்ததிலேருந்து இதையேதான் சொல்லிக்கிட்டிருக்கே. அஞ்சு மணிக்கு எல்லைக் கேட்டை மூடிடுவாங்கன்னு சொன்னதும் நீதானே?”

கைடிடம் மல்லுக்கு நின்றவர் ஓய்வு பெற்ற ஸ்டேஷன் மாஸ்டர். ரயில் நேரத்துக்கு வருமோ வராதோ, அவர் கொடி நேரத்துக்கு அசையும். ஓய்வு பெற்ற பிறகும் அந்தக் கொடியை அவர் கீழே வைக்கவில்லை என்பது மனைவியின் நெடுநாள் புகார்.

காலையில் எல்லையைத் தாண்டி, வளைந்து வளைந்து மலையேறி, உச்சியிலிருக்கும் ஏரியைப் பார்த்துவிட்டு இருட்டுவதற்குள் திரும்பும் ஒரு நாள் சுற்றுலா. வந்து பார்த்தால் ஏரியையே காணோம். எங்கும் வெள்ளை. கரையில் தண்ணீர் தளும்பும் சத்தம் மட்டும் காலடியில் கேட்டது. பேசிக்கொண்டே நாலடி நடந்தவர்கள் மறைந்துபோய், அவர்களுடைய சிரிப்பு மட்டும் எங்கிருந்தோ வந்தது. படம் எடுக்க வந்தவர்கள்கூடப் போனை இறக்கிவிட்டு, பாதித் தூக்கத்தில் எழுந்து வந்தவர்கள் மாதிரி நின்றார்கள்.

“நல்லாத்தான் இருக்கு, இல்ல? முழிச்சுக்கிட்டே கனவு காண்ற மாதிரி,” என்றாள் மனைவி.

“கனவு காண வீட்டுல கட்டில் இருக்கு. அதுக்கு இவ்வளவு தூரம் வரணுமா?”

“குளிர்ல முட்டிதான் வலிக்குது. ஏம்ப்பா கைடு, உனக்குச் சொந்தக்காரங்க வீடு ஏதாவது இங்கே இருந்தா, செத்த நேரம் உட்கார்ந்துட்டுப் போகலாமே?”

“நல்லாக் கேட்டீங்க மேடம்! எல்லைக்கு இந்தப் பக்கம் சொந்தபந்தம் இருந்தா கைடு லைசென்ஸே தர மாட்டாங்க. கடத்தலுக்குக் கூட்டாளி ஆயிடுவோம்னு பயம். எனக்கு இங்கே ஈ, காக்கா கூடச் சொந்தமில்லை. வாங்க, டீ குடிங்க.”

கரையில் ஒரே ஒரு டீக்கடை. கைடு ஒரு வாய் குடித்துவிட்டு முகத்தைச் சுளித்தான்.

“டீயாம்மா இது? ஏரியிலேருந்து அப்படியே மொண்டு ஊத்தினீங்களா?”

“சூடாத்தான் குடுத்தேன் கைடு சார். உங்க பேச்சைக் கேட்டு ஆறிப்போச்சு,” என்றாள் டீக்கடைக்காரி. “அடுத்த தடவை வாயைக் கழட்டி பஸ்ஸிலேயே வெச்சிட்டு வாங்க.”

எல்லோரும் சிரித்தார்கள். “கீரியும் பாம்பும் தோத்துச்சு போ,” என்றாள் ஸ்டேஷன் மாஸ்டரின் மனைவி.

அவர் சிரிக்கவில்லை. “இதோ பாருப்பா. லேட்டாச்சுன்னா கேட்டுலேயே உன் மேலே புகார் கொடுப்பேன்.”

கைடின் முகம் சுருங்கிப்போனது. “வேண்டாம் சார். லேட்டு லேட்டுன்னு ஏற்கெனவே எச்சரிச்சிருக்காங்க. இன்னொரு புகார் வந்தா லைசென்ஸ் போயிடும். அப்புறம் இந்தப் பக்கம் காலே வைக்க முடியாது.”

“அப்போ கிளம்ப வேண்டியதுதானே?”

“பனி விலகட்டும் சார். மேட்டுல நின்னு பார்த்துட்டு வரேன். அங்கேதான் முதல்ல விலகும்.”

சொன்னவன் வெள்ளைக்குள் நுழைந்து காணாமல் போனான். வேலை போகும் என்கிறான், கிளம்பவும் மாட்டேன் என்கிறான். ஸ்டேஷன் மாஸ்டருக்கு எரிச்சல் மண்டைக்கு ஏறியது. பொறுத்துப் பொறுத்துப் பார்த்தார். போனவன் வருகிற வழியாக இல்லை.

“இரு, அவனைக் காதைப் பிடிச்சு இழுத்துட்டு வரேன்,” என்று அவரும் பனிக்குள் போனார்.

அவர் அந்தப் பக்கம் போனதும், இந்தப் பக்கம் பனி கிழிந்தது. நீலமா பச்சையா என்று சொல்ல முடியாத நிறத்தில், மலைகளை மடியில் போட்டுக்கொண்டு ஏரி கிடந்தது. அவர் மனைவிக்கு ஏனென்று தெரியாமல் அழுகை வந்தது. கண்ணைத் துடைத்துவிட்டு நிமிர்ந்தபோது மறுபடி எல்லாம் வெள்ளை.

ஸ்டேஷன் மாஸ்டர் தனியாக, மெதுவாகத் திரும்பி வந்தார்.

“எங்கே போய்த் தொலைஞ்சீங்க? இப்பத்தான் ஏரி தெரிஞ்சுது! கைடு எங்கே?”

“வருவான். அவசரமில்லை. உட்காரு, முட்டி வலிக்குதுன்னியே.”

அவசரமில்லை என்ற வார்த்தையை அவர் வாயிலிருந்து அவள் அன்றுதான் கேட்டாள். காய்ச்சலோ என்று நெற்றியைத் தொட்டுப் பார்த்தாள்.

பஸ் எல்லையை அடைந்தபோது கேட்டைப் பாதி மூடியிருந்தார்கள்.

“மறுபடியும் லேட்டா?” என்று உள்ளே ஏறினார் அதிகாரி. “இன்னிக்கு என்ன கதை வெச்சிருக்கே?”

கைடு வாயைத் திறப்பதற்குள், பின் சீட்டிலிருந்து ஸ்டேஷன் மாஸ்டர் எழுந்தார்.

“என்னாலதான் சார். பனியில வழி தவறிட்டேன். பாவம், இந்தத் தம்பிதான் தேடிப் பிடிச்சுக் கூட்டிட்டு வந்தார். புகார்னா என் மேலே எழுதிக்குங்க.”

அதிகாரி அவருடைய நரைத்த தலையைப் பார்த்தார். “வயசான காலத்துல பார்த்துப் போகக் கூடாதா பெரியவரே?” என்று சொல்லிவிட்டு இறங்கிப் போனார். கைடு திரும்பி அவரையே பார்த்தான்.

பஸ் எல்லையைத் தாண்டியதும் மனைவி அவர் காதருகே குனிந்தாள்.

“சர்வீஸ்ல ஒரு நாளாவது லேட்டுன்னு ஒத்துக்கிட்டதுண்டா நீங்க? இன்னிக்கு எவனுக்காகவோ ஊரறியப் பொய் சொல்றீங்க. ஏரியையும் பார்க்கலை. அப்படி என்னதான் ஆச்சு?”

அவர் குரலைத் தாழ்த்திக்கொண்டார்.

“கடைக்குப் பின்னாடி அந்த டீக்கடைக்காரி, அவன் போட்டிருந்த சட்டையிலேயே பட்டன் தைச்சுக்கிட்டிருந்தா. ‘கட்டின புருஷனுக்கு ஒரு பட்டன் தைக்கக்கூடப் பனி மூட வேண்டியிருக்கேங்க’ன்னு சொல்லிட்டே குனிஞ்சு நூலைப் பல்லால கடிச்சா. நூல் அறுந்த பிறகும், அவன் நெஞ்சுலேருந்து முகத்தை எடுக்கவே இல்லைடி.”