நீலத்தில் சூடு இல்லை

இப்போதெல்லாம் ஆஸ்பத்திரியில் யாரும் பிள்ளையைத் தூக்குவதில்லை. கண்ணாடிக்கு வெளியே நின்று போட்டோ எடுக்கிறார்கள்.

மகனும் எடுத்தான். எடுத்ததை ஊருக்கெல்லாம் அனுப்ப வெளியே போய்விட்டான்.

அவர் கை கழுவிக்கொண்டு உள்ளே வந்தார்.

பேத்தி பிறந்து நாலு நாள். மஞ்சள் காமாலை. கண்ணை மறைத்து ஒரு பட்டை, இடுப்பில் ஒரு துணி. மேலே விளக்கு.

நீலம்.

கோழிப்பண்ணையில் அவர் நீல பல்பைப் போடுவது ஒரே வேலைக்குத்தான். லாரி வந்து நிற்கும்போது, கோழி பிடிக்க. அந்த வெளிச்சத்தில் கோழிக்கு வருகிற கை தெரியாது. சத்தம் போடாமல் உட்கார்ந்திருக்கும்.

பேத்தியும் சத்தம் போடவில்லை.

விளக்குக்குக் கீழே உள்ளங்கையை நீட்டிப் பார்த்தார்.

“ஏனம்மிணி, இதுல சூடே இல்லையே? கோழிக்குஞ்சுக்கே நாங்க எரநூறு வாட்டு குண்டு பல்பு போடுவோம். புள்ளைக்குப் போயி இந்தக் கஞ்சத்தனமா?”

நர்ஸ் சிரித்துவிட்டாள்.

“சூட்டுல ஒண்ணுமில்லீங்கய்யா. வெளிச்சம் துளித்துளியாத்தான் விழுகுது. செவப்பு மெதுவா அதிரும், துளிக்குச் சத்து கம்மி. நீலம் வேகமா அதிரும், துளிக்குச் சத்து சாஸ்தி. ஒடம்புல இருக்கிற மஞ்சளை அசைக்க அந்தச் சத்து வேணும். உங்க குண்டு பல்புல முக்காவாசி செவப்புத்தான்.”

“எரநூறுக்கு ஆயிரமாப் போட்டா?”

“துளிதானுங்க நெறைய விழுகும். ஒவ்வொண்ணும் அதே நோஞ்சான்தான். நாளெல்லாம் தூறுனாலும் ஓடு ஒடையாதுல்லீங்க? ஆலங்கட்டி ஒண்ணு போதும்.”

“புள்ளையென்ன கூரையா?”

கேட்டாரே தவிர, கையை எடுக்கவில்லை.

அவருடைய மூத்த பிள்ளையும் பிறந்தபோது இதே மஞ்சளாகத்தான் இருந்தது. முப்பத்தெட்டு வருடம் முன்பு. ஆஸ்பத்திரி வேண்டாம் என்றவர் அவர்தான். குஞ்சுக் கொட்டகையில் உமி பரப்பி, துணி விரித்துப் படுக்கவைத்து, குண்டு பல்பைத் தாழ இறக்கிக் கட்டினார். ஒன்றுக்கு மூன்றாக.

இரண்டு நாள்.

தூக்கியபோது உடம்பு சூடாகத்தான் இருந்தது. மூச்சுத்தான் இல்லை.

“இது எப்ப இருந்து இருக்குது?”

“எதுங்கய்யா?”

“இந்த நீலம்.”

“நான் பொறக்கறதுக்கு முந்தியே இருக்குதுங்க. அம்பது வருசமாச்சும் இருக்கும். இங்க பாருங்க, நெத்தியில மஞ்ச கொறஞ்சிருக்குது.”

அவர் பார்க்கவில்லை.

கையை இழுத்துக்கொண்டார். வேட்டியில் துடைத்தார். ஒருமுறை துடைத்தது போதவில்லை.

“துளியாம், ஆலங்கட்டியாம். வெள்ளைத் துணி போட்டுட்டா என்ன வேணா சொல்லலாம்.”

செருப்பை மாட்டிக்கொண்டு நடந்தார். நடைவழியில் மகன் எதிரே வந்தான்.

“மஞ்ச எறங்குதுங்களாப்பா?”

“எறங்குதாம்.”

நாலு எட்டு போனார். திரும்பாமலே சொன்னார்.

“அந்த வெளக்கால இல்ல. அதுவா எறங்குது.”

மகன் ஏதோ கேட்டான். அவர் நிற்கவில்லை.