மூன்றாவது பிள்ளை

"பேர் என்ன?" என்று கேட்டார் டிஸ்பென்சர் முத்துலிங்கம்.

கம்பளியில் கிடந்தவளுக்குப் பேச்சு வரவில்லை. பல்லைக் கடித்துக்கொண்டு கிடந்தாள். அவள் கையைப் பிடித்தபடி லயத்து வரிசை வீட்டிலிருந்து ஓடி வந்த அக்காதான் பதில் சொன்னாள்.

"நல்லமுத்துங்க. நாலாம் லயம்."

தேயிலைத் தோட்டத்து ஆஸ்பத்திரியில் வலிக்கு முன்னால் பேர் வந்தாக வேண்டும். தோட்டத்து வேலைக்குப் பேர் பதிந்த பெண்ணென்றால் கட்டில் உண்டு, மருந்து உண்டு, பிள்ளை பெற்ற பிறகு ஆறு கிழமைக்குச் சாப்பாடும் உண்டு. பேர் பதியாதவள் லயத்தில் தன் ஒற்றையறைக் காம்பராவிலேயே பெற்றுக்கொள்ள வேண்டியதுதான். இந்தச் சட்டத்தை எழுதியவர்களில் ஒருவராவது பிள்ளை பெற்றவராக இருந்திருக்க மாட்டார்.

பேர் விஷயத்தில் தோட்டத்துத் துரை பொல்லாதவர். போன ஆடியில் மேல் பிரிவில் ஏதோ பேர்க் குளறுபடி என்று ஒரு குடும்பத்துக்கே பத்துச்சீட்டு கொடுத்து, சட்டி பானையோடு தோட்டத்தை விட்டுத் துரத்திவிட்டார். அவர்கள் எங்கே போனார்கள் என்று இன்றுவரை யாருக்கும் தெரியாது.

"நல்லமுத்துவின்ரை புருசன் ஆர்?"

கம்பளியைக் கம்பில் கட்டித் தூக்கி வந்தவர்களில் ஒருவனான பழனியாண்டி முன்னால் வந்து கும்பிட்டான். தலைத்துண்டை எடுத்துக் கக்கத்தில் வைத்துக்கொண்டான்.

முத்துலிங்கம் யாழ்ப்பாணத்துக்காரர். மாற்றலாகி வந்து ஒரு மாதம்கூட ஆகவில்லை. தோட்டத்தில் எல்லா முகமும் தெரிந்த மருத்துவச்சியோ, ராகலையில் ஒரு சாவு என்று முந்தின நாளே பஸ் ஏறிவிட்டாள். பாவம், மனுஷன் ஒற்றை ஆளாகத் திண்டாடிக்கொண்டிருந்தார்.

"எத்தனையாவது பிள்ளை?"

அக்கா பழனியாண்டியைப் பார்த்தாள். பழனியாண்டி அவளைப் பார்த்தான். நல்லமுத்துவின் பிள்ளைகள் இரண்டும் ஆயா பார்த்துக்கொள்ளும் பிள்ளைமடுவத்தில் விளையாடிக்கொண்டிருப்பது தோட்டத்துக்கே தெரிந்த விஷயம்.

"மூணாவதுங்க" என்றாள்.

டிஸ்பென்சரின் முகம் தெளிந்துவிட்டது. அவளைக் கட்டிலில் கிடத்தச் சொல்லி வயிற்றைத் தொட்டுப் பார்த்தார், நாடி பிடித்தார். பிறகு வாளியில் கை கழுவினார்.

"மூண்டாவது எண்டால் ஏன் இந்த அந்தரம்? தன்ரை பாட்டிலை பிறக்கும்."

அக்கா விடவில்லை. நேற்று விடிந்தபோது பிடித்த வலி என்றாள். பனிக்குடம் உடைந்தும் வெகுநேரம் ஆகிவிட்டது, பிள்ளை இறங்கவே இல்லை என்றாள். டிக்கோயா பெரிய ஆஸ்பத்திரிக்கு அனுப்பிவிடுங்கள் என்று அவர் காலடியில் உட்கார்ந்து கெஞ்சினாள்.

டிக்கோயாவில் பேர் பதிந்தவளா பதியாதவளா என்று யாரும் கேட்க மாட்டார்கள். ஆனால் அங்கே போய்ச் சேர வேண்டுமே. தோட்டத்தில் இருப்பது ஒரே ஒரு லொறி. அது எதிரே ஸ்டோர் வாசலில் ஹட்டன் ஸ்டேஷனுக்குத் தேயிலைப் பெட்டி ஏற்றிக்கொண்டு நின்றது.

மூன்றாவது பிள்ளைக்கு லொறி கேட்டால் துரை தன்னைத்தான் ஏசுவார் என்றார் முத்துலிங்கம். அவர் கெட்டவர் இல்லை. போக முடியாது என்று சொன்னபோது அவருக்கும் சங்கடமாகத்தான் இருந்தது.

"தலைப்பிள்ளை எண்டால் நானே ஓடிப்போய் லொறியை மறிச்சிருப்பன். இது சும்மா பயம்."

கட்டிலில் கிடந்தவள் அடுத்த வலியில் வில்லாக வளைந்தாள். வலி விட்டதும் அக்காவின் கையை இழுத்து, "இப்பிடித்தான் இருக்குமாக்கா? எல்லாருக்குமா?" என்று கேட்டாள். உதடு வெளுத்துப் போயிருந்தது.

"நல்லமுத்து!" என்று டிஸ்பென்சர் கூப்பிட்டார்.

"சொல்லுங்க" என்றாள் அக்கா. கட்டிலில் கிடந்தவள் கண்ணைத் திறக்கவில்லை.

மூச்சை அடக்கச் சொல்லும்படி அவர் சொன்னார். அக்கா சொன்னாள். அது அவள் காதில் விழுந்ததா என்று தெரியவில்லை. விரிப்பில் ஈரம் சிவப்பாகப் பரவத் தொடங்கியது.

ஸ்டோர் வாசலில் கடைசிப் பெட்டியும் ஏறியது. லொறி உறுமிக்கொண்டு கிளம்பியது. இனி அது திரும்பி வர இருட்டிவிடும்.

அக்கா எழுந்து ஓடினாள். சேலை முந்தானை வாசற்படியில் சிக்கிக் கிழிந்தது. சேற்றில் வழுக்கி விழுந்து எழுந்து, ரோட்டின் நடுவில் போய் இரண்டு கையையும் விரித்துக்கொண்டு நின்றாள். டிரைவர் பிரேக்கைப் போட்டுவிட்டுத் தலையை வெளியே நீட்டி வாய்க்கு வந்தபடி ஏசினான்.

முத்துலிங்கம் மூச்சிரைக்கப் பின்னாலேயே வந்தார். லொறியை மறிக்க இவளுக்கு யார் அதிகாரம் கொடுத்தது என்று கேட்டார். துரையின் பங்களா மேட்டின்மேல் நேர் எதிரே இருந்தது. அவருக்கு அந்தப் பக்கம் பார்க்கவே பயமாக இருந்தது.

"மூண்டாவது பிள்ளை எண்டு நீதானே சொன்னாய்?"

அவள் ஆஸ்பத்திரி வாசலில் நின்ற பழனியாண்டியைப் பார்த்தாள். அவனுக்குப் பின்னால், சரிவில், நாலாம் லயத்தின் தகரக் கூரை தெரிந்தது. அவர்கள் காம்பராவிலிருந்து இன்னும் புகை வந்துகொண்டிருந்தது.

பழனியாண்டி தலைத்துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டான். பிறகு, சொல் என்பதுபோல் தலையை ஆட்டினான்.

லொறியின் மூக்கில் ஒரு கையை வைத்தபடியே அவள் டிஸ்பென்சரிடம் சொன்னாள்.

"நல்லமுத்து நான்தானுங்க, எந் தங்கச்சிக்கு இது தலப்புள்ள."